தானே நடப்பதும் தானே அமைவதும்

கடல் கடந்து புரோத்ராபூரில் குடியேறிய தமிழராகிய நாம் கொணர்ந்தவை அரிசியும் புளியும் மட்டும் அல்ல. குட்டிச்சாத்தான் கதைகளும் நம்முடனேயே கப்பலேறின. கூரைத் தகட்டின்மேல் கல் விழும். சோற்றில் மயிர் கிடக்கும். கொடியிலிட்ட சேலை தீப்பற்றும். "ஆள் யாரும் இல்லை, தானே நடந்தது" என்பர். அடுத்த கணமே, ஏவியவர் யார் என்னும் வினா எழும். பழி புதிதாய் வந்த மருமகள்மீதோ, துணையற்ற அயல்வீட்டு அம்மையார்மீதோ விழும். கல்லைவிடக் கொடியது இப்பழியே.

இலங்கையில் வாழ்ந்த தாவரவியல் ஆசிரியர் ஆபிரகாம் கோவூர் (1898-1978) இத்தகைய வீடுகள் பலவற்றுக்கு நேரிலே சென்று ஆராய்ந்தார். எறிந்த கை அவ்வீட்டிலேயே இருக்கக் கண்டார். பெரும்பாலும் அது மனம் நொந்த இளம்பிராயத்தார் கை. மாந்திரிகனைத் தேடுமுன், சில நாட்களாய் வாய்திறவாத பிள்ளை யார் என்று நாமும் நோக்கலாம்.

அங்ஙனமாயின், ஏவுவாரின்றித் தானே அமைவது உலகில் ஒன்றுமே இல்லையா? உண்டு, நம் தோலுக்குள்ளேயே உண்டு. தோலையும் எலும்பையும் தசைநாணையும் கட்டிக்காக்கும் கொலாஜன் ஒரு பெருமூலக்கூறு. ஏறத்தாழ 1,000 அமினோ அமிலங்கள் கோத்த சங்கிலிகள் மூன்று, கயிற்றுப் புரிகள்போல் முறுக்கிக்கொண்டு நிற்பது. இவ்வமைப்பை 1954-55இல் விளக்கிக் காட்டியவர்கள் சென்னைப் பல்கலைக்கழகத்து ஜி. என். இராமச்சந்திரனும் கோபிநாத் கர்த்தாவும் ஆவர்.

புரி முறுக்கும் வேலை உயிரணுவினுடையது. அதன்பின் கயிறுகள் இழையாய்த் திரள்வதற்கு ஆள் வேண்டியதில்லை. குளிர்ந்த புளிப்புக் கரைசலில் கொலாஜனைக் கரைத்து, புளிப்பை மாற்றி, உடற்சூட்டுக்குக் கொணர்ந்தால், சோதனைக் குழாயிலேயே இழைகள் தோன்றுகின்றன. வெப்பத்தால் மூலக்கூறுகள் ஓயாது முட்டிமோதுகின்றன, பொருந்தாதவை விலகுகின்றன, மின்னேற்றம் இசையுமிடத்தில் பற்றிக்கொள்கின்றன. அவ்வளவே மாயம்.

அடுக்களையில் காண விரும்புவோர் ஆட்டுக்கால் சூப்பைக் காண்க. கொதியில் புரிகள் பிரிந்து ஜெலட்டின் ஆகின்றன. குளிர்பெட்டியில் வைத்தாலோ, பிரிந்தவை இணைதேடி ஆங்காங்கே மீண்டும் முறுக்கி, நீரைச் சிறைப்பிடிக்கின்றன, சூப்பு கட்டியாகிவிடுகிறது. (பழைய கயிறு முழுமையாய் மீள்வதில்லை.) இது எவர் வீட்டுச் சட்டியிலும் நிகழும், அமாவாசையும் பாராது, நாம் விழித்திருந்து பார்த்தாலும் நாணாது. கூரைமேல் விழும் கல்லோ நம் கண் படாத நேரம் பார்த்தே விழுகிறது.