விருப்ப ஓய்வு: யாருடைய விருப்பம்?

(விருதுநகரில் பஞ்சாலை, பட்டாசு, விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)



சர்க்கார் ஊழியர் ஓய்வு பெறும் விவகாரத்தை நம்மிடம் ஏன் பேச வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். ராஜபாளையம் மில்லில் நூல் நூற்பவருக்கும், சிவகாசியில் வெடிச்சரம் பின்னும் சகோதரிக்கும், வத்திராயிருப்பு வயலில் நாற்று நடுபவருக்கும் பென்ஷன் விதியால் என்ன லாபம்? லாபம் உண்டு. ஒரு கடுதாசியில் போடும் ஒரு கையெழுத்து இருபதாண்டு உழைப்பை என்ன செய்யும் என்பதைச் சர்க்கார் ஊழியர்கள் கோர்ட்டு ஏறிக் கண்டிருக்கிறார்கள். அந்தப் பாடம் நமக்கும் வேண்டும்.

முதலில் விதியைப் பார்ப்போம். தமிழ்நாடு சர்க்கார் ஊழியர் 50 வயதை அடைந்திருந்தால், அல்லது 20 ஆண்டு தகுதியுள்ள சர்வீஸ் முடித்திருந்தால், மூன்று மாத நோட்டீஸ் கொடுத்து விருப்ப ஓய்வு பெறலாம். அடிப்படை விதி 56(3) இதைச் சொல்கிறது. மத்திய சர்க்கார் ஊழியருக்கும் 20 ஆண்டு சர்வீஸ், மூன்று மாத நோட்டீஸ் என்ற விதி உண்டு. பார்த்தால் எளிய விஷயம். ஆனால் இதிலிருந்து எத்தனை வழக்குகள்!

போகிறேன் என்றவரைத் தடுக்கலாமா? அஸ்ஸாமில் ஒரு மாவட்ட நீதிபதி நோட்டீஸ் கொடுத்தார். சர்க்கார் முதலில் சரி என்றது, பிறகு முடியாது என்றது. 1977-இல் சுப்ரீம் கோர்ட் சொன்னது: அவருக்குப் பொருந்திய விதியில் சர்க்காரின் சம்மதம் தேவை என்று எழுதப்படவில்லை. ஆகவே அவர் ஓய்வு பெற்றவரே.

போகிறேன் என்று எழுதியவர் மனம் மாறினால்? இதுதான் பல்ராம் குப்தா வழக்கு. மத்திய செய்தி ஒலிபரப்பு இலாகாவில் கணக்கர் அவர். 1980 டிசம்பரில் நோட்டீஸ் கொடுத்தார். 1981 மார்ச் 31 முதல் ஓய்வு என்று உத்தரவும் வந்துவிட்டது. சக ஊழியர்கள் வற்புறுத்தவே, ஜனவரி 31-ஆம் தேதி நோட்டீசை வாபஸ் வாங்கினார். இலாகா ஏற்கவில்லை, குறித்த நாளில் வெளியே அனுப்பியது. 1987-இல் சுப்ரீம் கோர்ட் அவரைத் திரும்ப வேலையில் சேர்க்கச் சொன்னது. ஓய்வு தேதி வரும் முன்னரே மனம் மாறியவரைத் தக்க காரணமின்றித் தடுக்கக் கூடாது என்பது தீர்ப்பின் சாரம்.

ராஜிநாமாவும் விருப்ப ஓய்வும் ஒன்றா? இரண்டிலும் வேலை போகிறது. ஆனால் இரண்டும் ஒன்றல்ல! டில்லி மின்சார வாரியத்தில் தினக்கூலி மஸ்தூராகச் சேர்ந்து பியூன் ஆனவர் 1990-இல் ராஜிநாமா எழுதிக் கொடுத்தார். பின்னர் பென்ஷன் கேட்டார். ஹைகோர்ட் அவர் பக்கம் நின்றது. 2019 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் மறுத்துவிட்டது. இருபதாண்டு சர்வீஸ் இருந்தாலும் ராஜிநாமா ராஜிநாமாவே. முந்தைய சர்வீஸ் கழிந்துபோகும் என்றது. ஒரு வார்த்தை, தோழர்களே! ஒரே ஒரு வார்த்தை மாறியதால் ஓர் ஏழைச் சிப்பந்தியின் கிழவயதுக் கஞ்சி போயிற்று.

இனி, கூட்டங்கூட்டமாக அனுப்பும் திட்டங்களைப் பாருங்கள். 2000-த்தில் தேசிய வங்கிகள் விருப்ப ஓய்வுத் திட்டம் கொண்டுவந்தன. மனுவைத் திரும்பப் பெற முடியாது என்று திட்டத்திலேயே எழுதி வைத்தார்கள். நிர்வாகம் ஏற்கும் முன் வாபஸ் வாங்கலாம் என்று 2002 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் கூறிற்று. ஆனால் பணத்தில் ஒரு பகுதியையாவது வாங்கி அனுபவித்தவருக்குக் கதவு மூடியது.

2019-இல் பி.எஸ்.என்.எல். திட்டம் வந்தது. 50 வயது தாண்டிய 78,000-க்கு மேற்பட்டோர் 2020 ஜனவரி 31-ஆம் தேதி, ஒரே நாளில் வெளியேறினார்கள். இது விருப்பமா? சம்பளம் மாதாமாதம் தாமதமாகி வந்த நேரத்தில் நீட்டப்பட்ட காகிதம் அது. காலியான நாற்காலிகளில் புது ஆள் அமர்த்துவதும் திட்டத்தின் நோக்கமல்ல. சம்பளச் செலவைக் குறைப்பதே நோக்கம். வயலில் கூலி வேலை செய்து பிள்ளையைப் படிக்க வைக்கும் விவசாயத் தொழிலாளி இதைக் கவனிக்க வேண்டும். போனது அவர் பிள்ளைக்கு வரக்கூடிய வேலையும் அல்லவா?

மில் தோழர்களே, உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். சர்க்கார் ஊழியர் விதி உங்களுக்குப் பொருந்தாது. ஆனால் இதைக் கேளுங்கள். 1947-ஆம் ஆண்டுத் தொழில் தகராறு சட்டம் தொழிலாளியின் விருப்ப ஓய்வை ஆட்குறைப்புக் கணக்கில் சேர்க்கவில்லை. அதனிடத்தில் வந்த 2020 தொகுப்பும் சேர்க்கவில்லை. ஆட்குறைப்பு என்றால் முதலாளி நோட்டீஸ் தர வேண்டும், நஷ்டஈடு தர வேண்டும். ‘விருப்பம்’ என்று நீங்கள் எழுதிக் கொடுத்தால் அந்தக் கடமை அவருக்கு இல்லை. இப்போது தெரிகிறதா, மானேஜர் ஏன் அந்த வார்த்தையை இத்தனை ஆசையாக உச்சரிக்கிறார் என்று?

நிர்ப்பந்தத்தில் பெற்ற சம்மதம் சுதந்திரமான சம்மதமல்ல என்று 1872-ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டமே கூறுகிறது. ஆனால் நிர்ப்பந்தம் நடந்தது என்று நிரூபிக்கும் பாரம் நம் தலையில்தான் விழும். ஆகவே பின்னால் கோர்ட்டில் அழுவதைவிட முன்னால் விழிப்பாக இருப்பதே நல்லது.

வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். ‘ராஜிநாமா’ என்றிருக்கிறதா, ‘விருப்ப ஓய்வு’ என்றிருக்கிறதா என்று படித்துப் பாருங்கள். படிக்கத் தெரியாதவர் சங்கத்துக்குக் கொண்டுவாருங்கள். நகல் வாங்குங்கள். மனம் மாறினால், மனு ஏற்கப்படும் முன்பே, பணத்தைத் தொடும் முன்பே, எழுத்தில் வாபஸ் கொடுங்கள். ரிஜிஸ்டர் தபாலில் அனுப்புங்கள். ஐந்தாண்டு தொடர்ந்து உழைத்தவருக்கு, ராஜிநாமா செய்தாலும் கிராஜுவிட்டி சட்டப்படி சேர வேண்டியது. அதை முதலாளி தரும் தர்மம் என்று எண்ணாதீர்கள்.

பட்டாசுத் தோழர்களில் பலருக்கு நியமன உத்தரவே இல்லை. மூன்று மாத நோட்டீசுக்கும் பென்ஷனுக்கும் எங்கே போவது? கை ஓயும் நாளே அவர்களுக்கு ஓய்வு நாள். ஆகவே அவர்களுக்கு முதல் கோரிக்கை வருகைப் பதிவேட்டில் பெயர், கையில் சம்பளச் சீட்டு, வைப்பு நிதிக் கணக்கு. வேலையில் இருந்ததற்கே சாட்சி இல்லாதவன் ஓய்வுக்கு என்ன வழக்காடுவான்?

உழைத்தவன் ஓய்வு பெறுவது உரிமை. அவனை வெளியே தள்ளிவிட்டு அதற்கு அவன் விருப்பம் என்று பெயர் சூட்டுவது மோசடி. இரண்டையும் பிரித்துப் பாருங்கள். தனியாக மானேஜர் அறைக்குள் போகாதீர்கள், சங்கத்தோடு போங்கள்!