‘நியாயமான’ என்னும் அடைமொழி

அரசியலமைப்புத் திருத்தம் பற்றிப் பேசத் தமிழாசிரியை எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். சட்டமும் சொல்லால் ஆனதே. 1951ஆம் ஆண்டின் முதல் திருத்தமோ எழுதுவோர் கையை நேராகவே பற்றியது.

அதன் விதை சென்னையில் விழுந்தது. பம்பாயிலிருந்து வெளிவந்த ‘கிராஸ் ரோட்ஸ்’ என்னும் இடதுசாரி இதழ் சென்னை மாநிலத்துள் நுழையலாகாதென அன்றைய அரசு தடை விதித்தது. ரொமேஷ் தாப்பர் உச்ச நீதிமன்றம் சென்றார். பொது ஒழுங்கைக் காரணங்காட்டிக் கருத்துரிமையைத் தடுக்க 19(2)ஆம் உறுப்பில் இடமில்லை என 1950 மே 26இல் தீர்ப்பு வந்தது. அதனை எழுதிய நீதியரசர் பதஞ்சலி சாஸ்திரியும் சென்னையில் வழக்குரைஞராக விளங்கியவர்தாம்.

மறு ஆண்டு மே மாதமே பிரதமர் நேரு திருத்த மசோதாவைக் கொணர்ந்தார். பொது ஒழுங்கு, அயல்நாட்டு நட்புறவு, குற்றத்திற்குத் தூண்டுதல் என மூன்று புதிய காரணங்கள் அதில் இடம்பெற்றன. சட்டம் நடைமுறைக்கு வந்து பதினாறு மாதங்கூட நிறையவில்லை. முதல் பொதுத்தேர்தலும் நடந்திருக்கவில்லை. இத்துணை விரைவு ஏன் என்று சியாமா பிரசாத் முகர்ஜி சீறினார். குன்ஸ்ருவும் கிருபளானியும் எதிர்த்தனர். சட்ட அமைச்சர் அம்பேத்கர் மசோதாவுக்காக வாதாடினார்.

கவிஞர்கள் கருத வேண்டியது இங்கேதான் இருக்கிறது. மசோதாவின் முதல் வடிவில் ‘கட்டுப்பாடுகள்’ என்னும் பெயர் அடையின்றி நின்றது. அவையின் உள்ளும் புறமும் கண்டனம் எழுந்த பின்னர், தேர்வுக்குழுவில் ‘நியாயமான’ என்னும் அடை சேர்ந்தது. சீர் குறையும்போது நாம் செருகும் அசைச்சொல் போன்றதன்று அது. கட்டுப்பாடு நியாயமானதா என்று எடைபோடும் உரிமையை அது நீதிமன்றத்திற்குத் தந்தது. வாக்கெடுப்பில் ஆதரவு 228, எதிர்ப்பு 20. தோற்றவர்கள் வாதத்தின் தடம் மட்டும் சட்டத்தில் தங்கிவிட்டது.

ஆயினும் அத்திருத்தத்தை முழுதும் பழிக்க என் நா எழாது. சென்னையின் வகுப்புவாரி அரசாணையைச் செண்பகம் துரைராசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1951 ஏப்ரலில் செல்லாதென்றது. தமிழ்நாடு கொந்தளித்தது. இடஒதுக்கீட்டைக் காக்கும் 15(4)ஆம் உட்பிரிவும் இதே முதல் திருத்தத்தின் வழியே வந்தது. அவ்வழியில் கல்லூரி வாயில் மிதித்து, முனைவர் பட்டம் வரை வந்தவள் நான். ஒரே ஏடு ஒரு கையால் உரிமையைக் கொடுத்தது. மறு கையால் உரிமையைக் குறைத்தது.

இவ்விரண்டும் பின்னாளில் எதிரெதிரே நின்றன. சாதி அடிப்படையிலான இடஒதுக்கீட்டைக் குறைகூறிய ‘ஒரே ஒரு கிராமத்திலே’ என்னும் திரைப்படத்தின் தணிக்கைச் சான்றிதழைச் சென்னை உயர் நீதிமன்றம் நீக்கியது. 1989இல் உச்ச நீதிமன்றம் அதை மீட்டளித்தது. ஆர்ப்பாட்டம் நிகழும், வன்முறை வெடிக்கும் என்னும் அச்சுறுத்தலுக்காகக் கருத்தை ஒடுக்கலாகாது. ஆபத்து தொலைதூர ஊகமாக இராமல், சொல்லப்பட்டதோடு நெருங்கிப் பிணைந்திருக்க வேண்டும் என்றது. அந்த ஓர் அடைமொழிக்கு எழுந்த உரை என்றே இதனைக் கொள்கிறேன்.

அப்படத்தின் கருத்து எனக்கு உடன்பாடன்று. ஆயினும் அத்தீர்ப்பை ஆண்டுதோறும் வகுப்பில் விளக்கிச் சொல்கிறேன். மாணவியர் சிலர் சினந்தெழுந்து, “நம்மைப் பழிக்கும் படத்திற்கு நீங்களே பரிந்து பேசலாமா, அம்மா?” என்று கேட்கின்றனர். மணியடித்த பிறகும் அவ்வாதம் ஓய்வதில்லை.