மாற்றமும் மனநிறைவும்
(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



மாற்றத்தை ஏற்பவனுக்கு மனநிறைவு உண்டா என்பதே நான் இன்று எடுத்துக்கொண்ட பொருள். இதற்கு விடையாகத் தத்துவம் பேசுவதைக் காட்டிலும் ஒருவருடைய வாழ்வை எடுத்துரைப்பது நலம். டாக்டர் உ. வே. சாமிநாதையர் அவர்களின் வாழ்வைச் சொல்கிறேன்.

1880ஆம் ஆண்டில் ஐயரவர்கள் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராக அமர்ந்தார்கள். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடங் கேட்டவர். அந்தாதி, கோவை, பிள்ளைத்தமிழ், புராணம் என எத்தனையோ நூல்களைக் கற்றவர். அவ்வூருக்கு முன்சீபாக வந்திருந்த சேலம் இராமசாமி முதலியார் அந்த நூல்களின் பட்டியலைக் கேட்டு வியக்கவில்லை. "சீவக சிந்தாமணி படித்ததுண்டா?" என்ற பொருள்பட வினவினார். ஐயர் படித்ததில்லை. கற்றவர் ஒருவருக்கு இதைவிடப் பெரிய சோதனை வேறென்ன வேண்டும்? தாம் அறிந்ததே தமிழ் என்று அவர் அமைந்துவிட்டிருக்கலாம். ஆனால், சைவச் சூழலில் வளர்ந்த அவர், அந்தச் சமண காவியத்தின் பொருள் விளங்கும்பொருட்டுக் கும்பகோணத்துச் சமணர்களை நாடிச் சென்று கேட்டறிந்தார். ஆசிரியர் மீண்டும் மாணாக்கரானார்! 1887இல் சிந்தாமணி அச்சேறிற்று. பத்துப்பாட்டு 1889இலும், சிலப்பதிகாரம் 1892இலும், புறநானூறு 1894இலும், மணிமேகலை 1898இலும் தொடர்ந்து வெளிவந்தன.

அந்நாளில் ஏடு வைத்திருந்தோர் பலர், அதைப் பிறர் கையில் கொடுக்க மனமில்லாதிருந்தனர். பூசையன்று பொட்டிட்டு வணங்கிவிட்டு மீண்டும் பரணில் ஏற்றினர். செல்லுக்குப் பக்தி தெரியுமா? பனையோலை காலத்தால் மடிவது. படியெடுத்தால்தான் நூல் வாழும். இறுகப் பற்றிய வீடுகளில் ஏடு பொடியாயிற்று. கொடுத்த வீடுகளின் ஏடோ அச்சாகித் தமிழுலகம் முழுவதற்கும் உரியதாயிற்று.

அச்சிட்ட நூலை யார் வாங்குவார், யார் குறை கூறுவார் என்பதும் ஐயரவர்களின் கையில் இல்லை. புதிதாக ஏடு கிடைத்தபோதெல்லாம் அடுத்த பதிப்பில் திருத்தினார். 1942இல் மறையும்வரை உழைத்தார். உழைப்பு தம்முடையது, விளைவு உலகினுடையது என்று இருந்தவருக்கே அத்தகைய நிறைவு வாய்க்கும்.

அன்பர்களே! நம் காலனி வீடுகளிலும் ஏடுகள் உண்டு. அவை நம் குழந்தைகள். மைதானத்தில் இந்தி, பள்ளியில் ஆங்கிலம், வீட்டில் மட்டும் தமிழ் என்று வளர்கின்றனர். 'பழம்' என்பதைப் 'பலம்' என்று சொன்னால் நாம் சினந்து கொள்கிறோம். தஞ்சையிலோ நெல்லையிலோ நாம் வளர்ந்தபடியே அவர்களும் வளரவேண்டும் என்று எண்ணுகிறோம். ஒவ்வொரு சொல்லுக்கும் திட்டு வாங்கும் குழந்தை நாளடைவில் தமிழில் வாய் திறவாது. பரணில் ஏறிய ஏட்டின் கதைதான்!

பிழையோடு பேசட்டும், பேசப் பேசத் திருந்தும். உணவு வேளையில் ஒரு கதை சொல்லுங்கள். உறங்குமுன் ஒரு பக்கம் படித்துக் காட்டுங்கள். அது நம் கடன். நாளை நாம் ஓய்வு பெற்றுக் குவார்ட்டர்ஸைக் காலி செய்வோம். மகன் வேறு நகரத்தில் இருப்பான். வேற்று மொழி பேசும் மருமகளும் வரலாம். அந்த இல்லத்தில் தமிழ் எவ்வுருவில் வாழும் என்பதை அவர்கள் தீர்மானிக்கட்டும். பேரக்குழந்தை மழலையில், இந்தி கலந்தேனும், "தாத்தா, கதை சொல்லு" என்று கேட்டால், அந்த அழைப்பைக் குறைகாணாமல் மகிழ்ந்து ஏற்போமாக.