மாவுயியின் அம்மா எங்கே?

(திரையிடலுக்குப் பின் பேசியதன் எழுத்து வடிவம்)



டிஸ்னி நிறுவனம் 2016இல் வெளியிட்ட 'மோவானா'வை இப்பத்தான் பார்த்து முடிச்சோம். பாலினேசிய மொழிகளில் மோவானா என்றால் கடல். பவளத்திட்டைத் தாண்டாதே என்கிறார் தலைவரான அப்பா. போ என்கிறாள் பாட்டி. செத்த பிறகும் திருக்கையாக வந்து பேத்திக்கு வழி காட்டுகிறாள். முன்னோர் நம்மை விட்டுப் போவதில்லை என்கிற அந்த மக்களின் உணர்வு இந்த உறவில் இருக்கு. அதை நான் மறுக்கல.

என் கேள்வி மாவுயியைப் பற்றியது. படத்தில் அவன் அநாதை. பெற்றவர்கள் கடலில் வீசிவிட்டார்கள். மனிதரின் அன்புக்கு ஏங்கியே தீவுகளை இழுத்தான், சூரியனைப் பிடித்தான். பார்க்கிற நமக்குக் கண் கலங்குது. ஆனா மவோரி மக்களின் கதை அத்தோட முடியல. குறைமாதப் பிள்ளையைத் தாய் தரங்கா தன் கொண்டை முடியில் சுற்றிக் கடலில் விடுகிறாள். வளர்ந்தவன் வீடு தேடி வருகிறான். பிள்ளைகளை எண்ணிப் பார்த்தவள், ஒண்ணு கூட இருக்கேன்னு திகைக்கிறாள். பிறகு தன் பிள்ளைதான் என்று ஏற்கிறாள். அண்ணன்களின் படகில் போய்த்தான் அவன் தீவைத் தூண்டிலில் இழுக்கிறான். சூரியனைக் கட்டியதும் அவர்களோடுதான்.

ஹவாய்க் கதையில் அவன் தாய் ஹினா, மரப்பட்டையை அடித்துத் துணி செய்கிறவள். பகல் போதாமல் அவள் துணி காயவில்லை. அதற்காகத்தான் மகன் சூரியனை மடக்கினான். உழைக்கிற பெண்ணின் தேவை அது. படம் அதைத் தனி வீரனின் தம்பட்டப் பாட்டாக்கிவிட்டது. ஹினா எங்கே என்று டோங்கா மானுடவியலாளர் டேவிதா காயிலி அப்போதே கேட்டார்.

நிறுவனம் பசிபிக் தீவுகளைச் சேர்ந்தவர்களைக் கூட்டி ஆலோசனைக் குழு வைத்தது உண்மை. படகு, உடை, பச்சை எல்லாம் அவர்களிடம் கேட்டுச் செய்தது. மோவானாவுக்குக் குரல் கொடுத்தவரும் ஹவாய்ப் பூர்வகுடிப் பெண்தான். ஆனா அதே 2016 செப்டம்பரில் என்ன வித்தாங்க? மாவுயியின் பழுப்புத் தோலும் பச்சையும் அச்சிட்ட குழந்தைகள் உடுப்பு. ஒரு சனத்தின் தோலை மாட்டிக்கிட்டு விளையாடலாமாம்! எதிர்ப்பு கிளம்பியதும் விற்பனையை நிறுத்தி வருத்தம் தெரிவித்தார்கள். நான் வங்கிக் கவுண்டரில் உட்கார்றவன். கணக்கு யார் பேரில் இருக்குன்னுதான் முதல்ல பார்ப்பேன். யோசனை அந்த மக்களுடையது. கணக்கு கம்பெனி பேரில்.

அதுக்காக அந்த மக்கள் படத்தைத் தூக்கி எறியவில்லை. 2017இல் மவோரியில் பேச வைத்தார்கள். 1896இல் பள்ளிக்கூடங்களிலிருந்து விரட்டப்பட்ட ஹவாய் மொழியில் 2018இல் மோவானா பேசினாள். பிள்ளைகள் தங்கள் மொழியைத் திரையில் கேட்டார்கள். இது சின்ன விசயமில்லை தோழர்களே.

படகும் பச்சையும் சரியா இருந்தால் பண்பாடு வந்துவிட்டது என்பார்கள். நாம் உறவுகளைக் கேட்போம்: யாரை யாரிடமிருந்து பிரித்தார்கள், யாருடைய உழைப்பை மறைத்தார்கள்? இதிலிருந்து விவாதத்தைத் தொடங்கலாம்.