பாகப்பிரிவினை டிக்ரிகளும் அவற்றை மறுக்கும் நெறியும்



1923ஆம் ஆண்டில் தீப்பெட்டித் தொழிலைக் கற்கக் கல்கத்தா சென்று திரும்பிய அய்ய நாடாரும் சண்முக நாடாரும் ஊன்றிய வித்து, பட்டாசாகவும் அச்சகமாகவும் கிளைத்துத் தழைத்த இச்சிவகாசியில், ஒரு கையால் தேடிய பொருளைப் பல கைகள் பங்கிட வேண்டிய காலம் தலைமுறைதோறும் வருவது இயல்பே.

பழைய ராமநாதபுரம் ஜில்லாவில் நம்மோடு ஒன்றாயிருந்த சிவகங்கையை முதலில் நினைவுகூர்கிறேன். 1829இல் ஜமீன்தார் கௌரி வல்லப தேவர் ஆண் சந்ததியின்றிக் காலமாக, அவிபக்த குடும்பம் என்று சொல்லித் தமையன் வழியினர் ஜமீனைக் கைக்கொண்டனர். அதை எதிர்த்து வழக்காடித் தோற்ற விதவை அங்கமுத்து நாச்சியார், அப்பீல் நிலுவையில் இருக்கும்போதே கண்மூடினார். மகள் காத்தம நாச்சியார் விடாது தொடர, ஜமீன் சுயார்ஜிதமே என்று 1863இல் பிரிவி கௌன்சில் அவர் பக்கம் தீர்த்தது. விதவைக்கு எதிராக முறைப்படி விசாரித்து முடிந்த டிக்ரி அவருக்குப் பின்வரும் வாரிசுகளையும் கட்டும் என்றும், உரிமை நியாயமாக விசாரிக்கப்படவில்லை என்பது போன்ற விசேஷ காரணம் காட்டினாலன்றி அதை அசைக்க இயலாது என்றும் அன்று வகுத்த நெறியே இன்றைய நம் விசாரத்துக்கும் அடிப்படை.

பாக வழக்கில் டிக்ரி இருபடியானது. இன்னாருக்கு இவ்வளவு பங்கு என்பது பூர்வாங்க டிக்ரி. கமிஷனர் அளந்து எல்லை காட்டியபின் எழுவது இறுதி டிக்ரி. பூர்வாங்க டிக்ரியின்மேல் அப்பீல் செய்யாதவர், இறுதி டிக்ரியின் அப்பீலில் அதன் தவற்றைப் பேச முடியாது என்கிறது சிவில் நடைமுறைச் சட்டத்தின் 97ஆம் பிரிவு. ராஜி டிக்ரியை ரத்துச்செய்யத் தனி வழக்குக் கிடையாது. அதை வழங்கிய நீதிமன்றத்தையே நாட வேண்டும். ஆயினும், சட்டமே மாறினால் பூர்வாங்க டிக்ரி தடையாகாது. தமிழ்நாட்டில் 25-3-1989 முதல் மணமாகாத மகளுக்கும், 2005ஆம் ஆண்டுத் திருத்தத்தால் மகள்கள் எல்லாருக்கும் பிதிரார்ஜிதத்தில் சமபங்கு வந்தது. இறுதி டிக்ரி பிறவாதவரை அப்பங்குகளைத் திருத்தலாம் என்பதை 2011இல் உச்சநீதிமன்றம் உறுதிசெய்தது.

இனி நம் ஊருக்கு வருவோம். மருந்துக் கிடங்குக்கும் வேலை அறைக்கும் இடையே இவ்வளவு தூரம் விடவேண்டுமென்று விதி வகுத்திருக்கும் பட்டாசு ஆலையை, வயலுக்கு வரப்பிடுவதுபோலக் கயிறு பிடித்துக் கூறுபோட இயலாது. அத்தகைய சொத்தை விற்றுக் கிரயத்தைப் பங்கிட 1893ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டம் வழிகாட்டுகிறது.

இவற்றினும் நுண்ணியது ஒன்று உண்டு. சம்மனை உடன் வசிக்கும் வயதுவந்த குடும்பத்தினரிடம் கொடுக்கலாம் என்பது விதி. வேற்றூரில் வாழ்க்கைப்பட்ட தங்கைக்கு வந்த சம்மனைப் பிறந்த வீட்டில் அண்ணன் கையொப்பமிட்டு வாங்கினால், அவன் அவளுடன் வசிப்பவன் ஆவானா? அவளறியாமல் எழுந்த எக்ஸ்பார்ட்டி டிக்ரியை நீக்க, அவள் அறிந்த நாளிலிருந்து 30 நாட்களே அவகாசம். காத்தம நாச்சியார் காலத்தில் கேட்ட ‘நியாயமான விசாரணை நடந்ததா’ என்னும் கேள்வி, இன்று அந்த ஒரு கையொப்பத்தில் வந்து நிற்கிறது. அதை ஆராய வந்திருக்கும் உங்களை வரவேற்று, கருத்தரங்கைத் தொடங்கிவைக்கிறேன்.