நாள் எண்ணும் உரிமை
(வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)

 

இருபத்தைந்து ஆண்டுகளை எண்ணி முடித்து இங்கே கூடியிருக்கின்றோம். அந்த ஆண்டுக் கணக்கை வகுத்தவர் யார், அதில் நமக்குள்ள பங்கு யாது என்பது பற்றிச் சில சொற்கள் கூற விழைகிறேன்.

பகலும் இரவும் இயற்கை தந்தவை. மழையும் வெயிலும் மாறி வருவதும் இயற்கையே. ஆனால் வாரத்திற்கு ஏழு நாள் என்பதும், ஆண்டுப் பிறப்பு இந்நாள் என்பதும் மனிதன் வகுத்துக்கொண்டவை. மனிதன் வகுத்ததை மனிதன் மாற்றியும் இருக்கின்றான்.

இதற்குச் சான்று தேடித் தொலைவு செல்ல வேண்டியதில்லை. நம் ரஞ்சன்குடிக் கோட்டையையொட்டி 1751இல் ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் பொருதினர். களம் ஒன்று, நாளும் ஒன்று. ஆயினும் இரு நாட்டாரின் தேதிக் கணக்கில் பதினொரு நாள் வேறுபாடு இருந்தது. போப்பாண்டவர் பதின்மூன்றாம் கிரிகோரி திருத்திய நாட்காட்டியைப் பிரான்சு 1582இலேயே ஏற்றது. இங்கிலாந்து பழைய ஜூலியன் கணக்கையே பற்றி நின்றது. 1752இல்தான் அதுவும் மாறியது. அவ்வாண்டு செப்டம்பர் 2ஆம் நாளுக்கு மறுநாளை 14 என எண்ணினர். கதிரவன் வழக்கம்போலவே உதித்தான். மாறியது மனிதனின் கணக்கு மட்டுமே.

பின்னர் 1793இல் பிரெஞ்சுப் புரட்சியாளர் முற்றிலும் புதியதொரு நாட்காட்டியைப் படைத்தனர். முப்பது நாள் கொண்ட பன்னிரண்டு மாதங்கள். எஞ்சிய ஐந்தாறு நாட்கள் விழா நாட்கள். வாரத்திற்குப் பதிலாகப் பத்து நாள். கணக்கு சீராகத்தான் இருந்தது. ஆயினும் ஏழு நாளுக்கொரு முறை ஓய்ந்திருந்த உழைப்பாளி பத்து நாள் காத்திருக்க வேண்டியதாயிற்று. மக்கள் மனம் அதில் ஒட்டவில்லை. 1806 ஜனவரி முதல் நாள் அது கைவிடப்பட்டது. உழைப்பவனை மறந்த கணக்கு நிலைப்பது அரிது.

இனி நம் நாட்டிற்கு வருவோம். விடுதலைக்குப் பின் இந்தியாவில் ஏறத்தாழ முப்பது வகையான பஞ்சாங்கக் கணக்குகள் வழங்கின. அவற்றை ஆராய 1952இல் ஒரு குழு அமைக்கப்பட்டது. அதன் தலைவர் வானியற்பியல் அறிஞர் மேகநாத் சாகா. இளைஞர்களே, இப்பெயரை மறவாதீர்கள்! டாக்காவிற்கு அருகில் ஒரு சிற்றூரில், எளிய கடைக்காரரின் மகனாக 1893இல் பிறந்தவர் அவர். தாழ்ந்ததெனக் கருதப்பட்ட சாதியினர் என்பதால், கல்லூரி விடுதியில் உடனமர்ந்து உண்ணச் சக மாணவர் சிலர் மறுத்தனர். அந்த இழிவைத் தாங்கிப் படித்தவரே விண்மீன்களின் ஒளியிலிருந்து அவற்றின் இயல்பை அறியும் சமன்பாட்டை 1920இல் உலகிற்கு வழங்கினார். எவரோடு உண்ண மறுத்தார்களோ, அவரிடமே நாடு தன் நாட்கணக்கைத் திருத்தித் தருமாறு கேட்டது.

அவருடைய குழு கண்டது யாது? பஞ்சாங்க ஆண்டு, பருவங்களின் ஆண்டைவிட ஏறத்தாழ 24 நிமிடம் நீண்டது. அறுபது ஆண்டுகளில் இது ஒரு நாளாகும். ஆயிரத்து நானூறு ஆண்டுகளில் இருபத்து மூன்று நாளாகும். கதிரவன் வடக்கு நோக்கித் திரும்புவது டிசம்பர் 22ஐ ஒட்டி. பஞ்சாங்கம் உத்தராயணம் என்று கூறுவதோ ஜனவரி நடுவில். குழுவின் அறிக்கை 1955இல் வெளிவந்தது. 1956இல் சாகா மறைந்தார். 1957 மார்ச் 22ஆம் நாள், சக ஆண்டு 1879 சைத்திரம் முதல் நாளாக, இந்தியத் தேசிய நாட்காட்டி நடைமுறைக்கு வந்தது. மக்கள் வழக்கில் அது வேரூன்றவில்லை எனினும் அரசிதழில் இன்றும் இடம்பெறுகிறது.

தமிழகத்திலும் இம்முயற்சி நடந்தது. பிரபவ முதல் அட்சய வரையிலான அறுபது ஆண்டுப் பெயர்கள் மீண்டும் மீண்டும் சுழல்வன. பெயரை மட்டும் கொண்டு எந்த நூற்றாண்டு எனக் கூற இயலாது. ஆகவே கிறித்து ஆண்டோடு 31 கூட்டித் திருவள்ளுவர் ஆண்டு என எண்ணும் முறையைத் தமிழக அரசு 1971 முதல் படிப்படியாக ஏற்றது.

நாட்கணக்கு நமக்குப் புதிதன்று. நம்மிடையே வள்ளுவர் குலத்தார் தலைமுறை தலைமுறையாகக் கோள்நிலை கணித்து நாள் குறித்து வந்தவர்கள். ஆயினும் நம் பெற்றோரில் பலர்க்குத் தம் பிறந்தநாள் தெரியாது. "பெருவெள்ளம் வந்த ஆண்டு", "சோளம் அறுத்த மாதம்" என்பதே அவர்களின் நாட்காட்டி. பள்ளியில் சேர்க்கையில் ஆசிரியர் தோராயமாக எழுதிய தேதியே அவர்களின் பிறந்தநாளாயிற்று. வேலைக்குரிய வயது வரம்பையும் ஓய்வு பெறும் நாளையும் அந்த ஒரு வரியே முடிவு செய்தது. நம் வாழ்நாளின் முதல் நாளையே பிறர் எழுதும் நிலை இனியும் வேண்டுமா?

1969ஆம் ஆண்டுச் சட்டப்படி, குழந்தை பிறந்த 21 நாட்களுக்குள் பிறப்பைப் பதிவு செய்தல் வேண்டும். 2023ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, அவ்வாண்டு அக்டோபர் முதல் நாளும் அதன் பின்னரும் பிறந்தவர்க்குப் பள்ளிச் சேர்க்கை போன்றவற்றில் பிறப்புச் சான்றிதழே பிறந்த நாளுக்கும் இடத்திற்கும் ஆதாரம். நம் தெருவில் பிறக்கும் எந்தக் குழந்தையும் பதிவின்றி விடப்படலாகாது. படித்த இளைஞர்கள் வீடுதோறும் சென்று இதனைக் கேட்டறிந்து, எழுதத் தெரியாத பெற்றோர்க்குத் துணை நிற்க வேண்டுகிறேன்.

நாட்காட்டி வானத்திலிருந்து விழுந்ததன்று, கற்றவர் வகுத்தது. கற்றால் நாமும் வகுக்கலாம், பிழையிருப்பின் திருத்தலாம் என்பதற்குச் சாகாவே சான்று. இச்சங்கம் நிறுவப்பட்ட நோக்கமும் கல்வியன்றோ? நம் நாட்களை நாமே எண்ணுவோம். நம் பிள்ளைகளின் நாட்களை நம் கையாலேயே எழுதுவோம்.