பிரிட்ஸ் பொல்லார்டும் எழுதா விதியும்



பந்தை மார்போடு அணைத்துக்கொண்டு ஒருவன் ஓட, எதிரணியினர் அவன்மீது பாய்ந்து தரையில் சாய்ப்பதையே உயிர்நாடியாகக் கொண்ட அமெரிக்கக் கால்பந்து, ஊதியம் பெறும் தொழிலாக ஒழுங்கு பெற்றது, ஓஹையோ மாநிலத்துக் கான்டன் நகரில், மோட்டார்க் கார் விற்கும் கடையொன்றில் அணிச் சொந்தக்காரர்கள் கூடிச் சங்கம் கண்ட 1920ஆம் ஆண்டிலாகும். அவ்வாண்டே எட்டு ஆட்டங்களில் வென்று, மூன்றைச் சமன் செய்து, ஒரு தோல்வியும் காணாது பட்டம் கொண்ட அக்ரன் நகர அணியின் நட்சத்திரம், பிரிட்ஸ் பொல்லார்டு என்னும் கறுப்பர்; அவர் சரித்திரமே இன்று என் விஷயம்.

1894இல் சிகாகோவில் ஒரு நாவிதருக்கு மகனாய்ப் பிறந்து, அடிமை ஒழிப்புத் தலைவர் பிரெடரிக் டக்ளஸின் நாமத்தைத் தாங்கியவர் அவர். பிரவுன் சர்வகலாசாலை மாணவராக, 1916 ஜனவரி முதல் நாள், கலிபோர்னியாவின் ரோஸ் பவுல் ஆட்டத்தில் இறங்கிய முதற் கறுப்பரானார். மழையிலும் சேற்றிலும் நடந்த அவ்வாட்டத்தில் பிரவுன் தோற்றது. ஆனால் அவ்வாண்டின் இலையுதிர்காலத்திலேயே யேல், ஹார்வர்டு ஆகிய இரு பெரும் அணிகளையும் அவருடைய ஓட்டத்தின் பலத்தால் அது வீழ்த்திற்று.

ஐந்தடி ஒன்பதங்குல உயரமும் நூற்றறுபத்தைந்து பவுண்டு எடையுமே உடைய அவர், தம்மினும் பருத்த உடலினர் நடுவே எவ்வாறு பிழைத்தார் என்பது கவனிக்கத்தக்கது. விழுந்தவன்மேல் மேலும் பலர் வேண்டுமென்றே குவிந்து எலும்பை முறிப்பது அக்கால வழக்கம். கறுப்பரிடத்து அவ்வழக்கம் இரட்டிப்பு வேகத்தோடு நிகழும். ஆகவே அவர், சாய்க்கப்பட்ட கணத்திலேயே முதுகின்மீது புரண்டு, ஆணி பதித்த காலணிகள் மேனோக்க இரு கால்களையும் சைக்கிள் மிதிப்பவன்போல் சுழற்றுவார். பாய வந்தவன் தன் முகத்தை எண்ணி நின்றுவிடுவான்.

அக்ரனில் அவர் உடை மாற்றியது, சகஆட்டக்காரரோடு அன்று, அணிச் சொந்தக்காரரில் ஒருவரான பிராங்க் நீடுவின் சுருட்டுத் தொழிற்சாலையில்; ஆட்டம் தொடங்குமுன் வண்டி அனுப்பி அவரை அழைத்துவருவர். மைதானத்தில் வசைமொழிகளே அவருக்கு வரவேற்பு. அத்தகையவர் 1921இல், ஆடிக்கொண்டே எல்ஜி டோபினுடன் பயிற்சிப் பொறுப்பையும் ஏற்று, அச்சங்கத்தின் முதற் கறுப்புப் பயிற்சியாளரானார் என்பதே என் வியப்பு. பிற்காலத்தில் கானத்தால் உலகை வென்ற பால் ராப்சனும் அவ்வாண்டு அவ்வணியில் ஆடினார்.

1926க்குப் பின் அச்சங்கத்தில் அவருக்கு இடமில்லை. 1934 முதல் 1945 வரையிலோ ஒரு கறுப்பர்கூட அதில் ஆடவில்லை. ஆயினும் அவர்களை விலக்கும் விதி எந்த ஏட்டிலும் எழுதப்பட்டதில்லை. எழுதிய சட்டமாயின் நீதிமன்றத்தில் வாதாடலாம். எழுதாததை ஒருவன் எங்கே சென்று எதிர்ப்பது? பொல்லார்டு வாதாடாமல், சிகாகோவிலும் நியூயார்க்கின் ஹார்லெமிலும் கறுப்பர்களைக் கொண்ட அணிகளைத் தாமே பயிற்றினார். ஹார்லெம் அணிக்கு, குத்துச்சண்டை வீரர் ஜோ லூயிஸின் பட்டப்பெயரால், பிரவுன் பாம்பர்ஸ் என்று பெயரிடப்பட்டது.

1946இல் லாஸ் ஏஞ்சல்ஸின் பொது மைதானத்தில் ஆட விரும்பிய, அச்சங்கத்தைச் சேர்ந்த ராம்ஸ் அணி, பொதுஜனப் பணத்தில் எழுந்த இடத்தில் கறுப்பரை விலக்கலாகாதென்ற நெருக்குதலுக்கு இணங்கி, கறுப்பரான கென்னி வாஷிங்டனைச் சேர்த்துக்கொண்டது. ஆடும் கதவு அப்போதே திறந்தது. தலைமைப் பயிற்சியாளர் ஆசனமோ 1989இல் ஆர்ட் ஷெல் அமரும்வரை இன்னொரு கறுப்பருக்குக் கிட்டவில்லை. 1986இல் மறைந்த பொல்லார்டு அதனைக் காணவில்லை. 2003இல்தான், தலைமைப் பயிற்சியாளரைத் தெரிந்தெடுக்கும் ஒவ்வோர் அணியும் சிறுபான்மையினர் ஒருவரையேனும் நேர்முகம் காண வேண்டுமென்று சங்கம் விதி எழுதிற்று. அவ்விதி நடைமுறையில் காக்கப்படுகிறதா என்று கண்காணிக்க அதே ஆண்டு தோன்றிய அமைப்பு, தன் பெயரில் பொல்லார்டின் பெயரைத் தாங்கியுள்ளது.